மல்லாந்த குழந்தையும் தட்டைத் தலையும்

பிள்ளை பெற்ற வீட்டிற்குச் செல்லும் முதியோர், குழந்தையின் முகத்தைப் பார்த்தபின் அதன் பின்தலையையும் ஒருமுறை தடவிப் பார்ப்பதுண்டு. ஒரே பக்கமாகக் கிடத்தினால் தலை சப்பட்டையாகிவிடும் என்பது தமிழ்நாட்டுப் பாட்டிமாரின் எச்சரிக்கை. வடநாட்டிலோ, தலை உருண்டையாக அமைய வேண்டும் என்று கடுகு நிரப்பிய சிறு தலையணை ஒன்றைத் தைத்துக் கொடுப்பார்கள். தில்லியில் குடியிருக்கும் நம்மவர் வீடுகளிலும் அக்கடுகுத் தலையணை புகுந்துவிட்டது. இவ்வச்சத்தில் உண்மை இல்லாமலில்லை. எனினும், இதே அச்சம் சென்ற நூற்றாண்டில் மேலை நாடுகளில் பல்லாயிரம் குழந்தைகளின் மரணத்திற்குத் துணைபோன காரணங்களுள் ஒன்றாயிற்று என்பதைப் பலர் அறியார். அவ்வரலாற்றையே இன்று கூற எண்ணுகிறேன்.

பிறந்த குழந்தையின் மண்டையோடு ஒரே எலும்பாலானதன்று. தனித்தனித் தகடுகளாக உள்ள எலும்புகளை மெல்லிய நார்ப் பொருத்துகள் இணைத்து நிற்கின்றன. அவை கூடுமிடத்தில் உள்ள மெத்தென்ற பள்ளத்தையே நாம் உச்சிக்குழி என்கிறோம். பிறப்பு வழியில் தலை நெருங்கி வெளிவருவதற்கும், பின்னர் விரைந்து வளரும் மூளைக்கு இடந்தருவதற்கும் இயற்கை செய்த ஏற்பாடு இது. பிறக்கும்போது ஏறத்தாழ 35 சென்டிமீட்டராக உள்ள தலைச் சுற்றளவு, ஓராண்டில் 45, 46 சென்டிமீட்டரை எட்டிவிடுகிறது. இவ்வாறு வளர்கின்ற இளகிய ஓடு, எங்கே தடை காண்கிறதோ அங்கே தட்டையாகி, தடையில்லாத பக்கம் பருத்துச் செல்கிறது. கொடியில் காய்க்கும் பூசணி, கல்லில் சாய்ந்த பக்கம் தட்டையாவதை ஒப்பிடலாம்.

இவ்வியல்பை மனிதர் மிகப் பழங்காலத்திலேயே அறிந்திருந்தனர். கிரேக்க மருத்துவர் ஹிப்பாக்ரட்டீஸின் பெயரால் வழங்கும் நூலொன்று, நீண்ட தலையையே உயர்குடியின் அடையாளமாகக் கருதிய ஓர் இனத்தாரைக் குறிப்பிடுகிறது. அவர்கள் குழந்தை பிறந்தவுடனே கையால் தலையைப் பிடித்தும் துணியால் கட்டியும் அதனை நீளச் செய்தனராம். நம் நாட்டிற்கும் இதில் ஒரு தொடர்பு உண்டு. கி.பி. ஐந்தாம் நூற்றாண்டில் காந்தார நாட்டை ஆண்ட ஹூண மன்னன் கிங்கிலனின் வெள்ளி நாணயங்களில், மேல்நோக்கி நீண்டு உயர்ந்த தலையுடன் அவன் உருவம் பொறிக்கப்பட்டிருக்கிறது. வட அமெரிக்காவின் கொலம்பியா ஆற்றுக் கழிமுகத்தில் வாழ்ந்த சினூக் மக்களோ, தொட்டில் பலகையில் குழந்தையைக் கிடத்தி, நெற்றியின்மேல் மற்றொரு பலகையை அழுத்திக் கட்டினர். தட்டை நெற்றி சுதந்திரக் குடியில் பிறந்ததற்குச் சான்று. அடிமைகளின் பிள்ளைகளுக்கு அது மறுக்கப்பட்டது. 1805-06ஆம் ஆண்டின் குளிர்காலத்தை அப்பகுதியில் கழித்த லூயிஸ், கிளார்க் என்னும் ஆய்வுப் பயணிகள் இதனைத் தம் நாட்குறிப்புகளில் எழுதிவைத்தனர். பிரான்சின் தூலூஸ் வட்டாரத்திலும் குழந்தையின் தலையை இறுகக் கட்டும் பழக்கம் பத்தொன்பதாம் நூற்றாண்டு முழுவதும் இருந்துவந்தது. ஆகவே, இது நாகரிகமற்றோர் வழக்கம் என்று ஐரோப்பியர் எழுதியதை அப்படியே ஏற்க வேண்டியதில்லை.

இவையெல்லாம் வேண்டுமென்றே செய்தவை. வேண்டாத தட்டையைத் தவிர்க்க எண்ணியதால் விளைந்த தீங்கே நாம் கருத வேண்டியது.

1944ஆம் ஆண்டில் நியூயார்க் நகரின் மருத்துவர் ஆபிராம்சன், தூக்கத்தில் மூச்சடைத்து இறந்ததாகக் கருதப்பட்ட குழந்தைகளைப் பற்றி ஆராய்ந்து, அவர்களுட் பெரும்பாலோர் குப்புறக் கிடந்த நிலையில் காணப்பட்டனர் என்று எழுதினார். அச்சொல் நிலைக்கவில்லை. அமெரிக்கத் தாய்மாரின் வேதம் எனத்தக்க குழந்தை வளர்ப்பு நூலை டாக்டர் பெஞ்சமின் ஸ்பாக் 1946இல் வெளியிட்டார். 1958ஆம் ஆண்டுப் பதிப்பில் அவர், குழந்தையைக் குப்புறப் படுக்க வைப்பதே நல்லது என்றார். அதற்கு அவர் காட்டிய காரணங்கள் இரண்டு. மல்லாந்து கிடக்கும் குழந்தை வாந்தியெடுத்தால் புரையேறக்கூடும் என்பது ஒன்று. ஒரே பக்கம் திரும்பிக் கிடப்பதால் தலை தட்டையாகும் என்பது மற்றொன்று. இரண்டும் கேட்பதற்குப் பொருத்தமாகவே உள்ளன. புரையேறும் என்பதற்குச் சான்று இல்லை. தலை தட்டையாகும் என்பது உண்மை, ஆயினும் அதற்குக் கொடுத்த விலையை அன்று எவரும் கணக்கிடவில்லை. மருத்துவமனைகளும் தாதியரும் அறிவுரை நூல்களும் இதனையே முப்பது ஆண்டுகள் ஓதிவந்தனர்.

இதற்கிடையே, நல்ல உடல்நலத்துடன் உறங்கச் சென்ற குழந்தை காலையில் உயிரற்றுக் கிடக்கும் கொடுமை பெருகியது. ஆங்கிலேயர் இதற்குத் தொட்டில் மரணம் என்று பெயரிட்டனர். பெற்றோர் தம்மையே நொந்துகொண்டனர். சிலர்மீது ஊராரின் ஐயமும் விழுந்தது. குப்புறப் படுப்பதற்கும் இம்மரணத்திற்கும் உள்ள தொடர்பைக் காட்டும் ஆய்வுகள் ஒன்றிரண்டாக வெளிவந்துகொண்டுதான் இருந்தன; அவற்றை ஒருசேரத் தொகுத்துப் பார்த்தவர் இல்லை. 2005ஆம் ஆண்டில் பிரிட்டிஷ் ஆய்வாளர் சிலர் அவ்வாறு தொகுத்து ஆராய்ந்தனர். 1970ஆம் ஆண்டளவிலேயே உண்மை புலப்படக்கூடிய நிலை இருந்தது என்பது அவர்கள் முடிவு. அப்போதே கண்டு அறிவுரையை மாற்றியிருந்தால் பிரிட்டனில் 10,000க்கு மேற்பட்ட குழந்தைகளையும், ஐரோப்பா, அமெரிக்கா, ஆஸ்திரேலியா முதலிய நாடுகளில் குறைந்தது 50,000 குழந்தைகளையும் காப்பாற்றியிருக்கலாம் என்று அவர்கள் மதிப்பிட்டனர்.

மாற்றம் 1987இல் நெதர்லாந்தில் தொடங்கியது. 1991இல் பிரிட்டனும் நியூசிலாந்தும் பின்பற்றின. 1992இல் அமெரிக்கக் குழந்தை மருத்துவர் சங்கம் அறிவுரையை மாற்றியது. 1994இல் அது நாடளாவிய இயக்கமாயிற்று. 1992இல் அமெரிக்காவில் ஆயிரம் பிறப்புகளுக்கு 1.2 என்றிருந்த தொட்டில் மரண விகிதம், பத்தாண்டுகளில் ஏறத்தாழப் பாதியாகக் குறைந்தது. புதிய மருந்தும் இல்லை, கருவியும் இல்லை. குழந்தையைத் திருப்பிக் கிடத்தியதுதான் நிகழ்ந்தது.

மல்லாந்து உறங்கும் குழந்தைகள் பெருகவே, பின்தலை தட்டையான குழந்தைகளும் பெருகினர். 1996இல் அமெரிக்க மருத்துவ இதழ்கள் இதனைக் குறித்து எழுதலாயின. மருத்துவர் இதற்கு இட்ட பெயர் பிளேஜியோசெபாலி என்பது. சாய்வு, தலை என்னும் இரு கிரேக்கச் சொற்களின் சேர்க்கை. சாய்தலை என்று தமிழில் சொல்லிவிடலாம். நோயின் பெயர் அச்சமூட்ட வேண்டும் என்ற கட்டாயம் இல்லையே. குறைமாதக் குழந்தைகள், இரட்டையர், கழுத்தின் ஒரு பக்கத் தசை இறுகிப் பிறந்தவர் ஆகியோரிடம் இது மிகுதி. அழுத்தத்தால் வரும் இத்தட்டை மூளையின் வளர்ச்சியைத் தடுப்பதில்லை. ஆனால் வேறொரு நிலை உண்டு. மண்டையோட்டின் பொருத்துகள் காலத்திற்கு முன்பே இறுகி மூடிக்கொள்வது அது. ஏறத்தாழ இரண்டாயிரம் முதல் இரண்டாயிரத்தைந்நூறு குழந்தைகளில் ஒன்றுக்கு நேர்வது. பொருத்தின்மீது வரப்பு போன்ற மேடு கைக்குத் தட்டுப்பட்டாலோ, தலை வளராது நின்றாலோ, காலந்தாழ்த்தாமல் மருத்துவரிடம் காட்டவேண்டும். அதற்கு அறுவை சிகிச்சை தேவைப்படலாம்.

சாதாரணத் தட்டைக்கு மருத்துவம் எளிது. உறங்கும்போது எப்போதும் மல்லாந்தே கிடத்துக. தலையை மட்டும் ஒருநாள் வலப்புறம், மறுநாள் இடப்புறம் திருப்பி வைக்கலாம். குழந்தை ஒளியையும் தாயின் முகத்தையும் நோக்கித் திரும்புமாதலால், படுக்கையின் தலைமாட்டை மாற்றினாலே அது தானாக மறுபக்கம் திரும்பும். விழித்திருக்கும்போது, அருகிலிருந்து பார்த்துக்கொண்டு, நாளில் இரண்டு மூன்று முறை சில நிமிடங்கள் குப்புற விடவேண்டும்; கழுத்தும் தோளும் வலுப்பெறும். எப்போதும் ஒரே பக்கமே திரும்பும் குழந்தைக்குக் கழுத்துத் தசைப் பயிற்சி பயன் தரும். முதற்சில மாதங்களில் தொடங்குவதே நன்று. ஓடு இளகியிருக்கும் காலம் அதுதான்.

மேலை நாடுகளில் தலைக்கவசம் போன்ற ஓர் அச்சையும் பல மாதங்கள், நாளில் 23 மணி நேரம் அணிவிக்கிறார்கள். 2014இல் நெதர்லாந்தில் 84 குழந்தைகளை இரு பிரிவாக்கி ஒரு பிரிவுக்கு மட்டும் கவசம் அணிவித்துச் சோதித்தனர். இரண்டு வயதில் முற்றிலும் சீரானவர் கவசப் பிரிவில் நூற்றுக்கு 26, மற்றதில் 23. வேறுபாடு என்று சொல்வதற்கில்லை. மிகக் கடுமையான தட்டையுள்ள குழந்தைகள் இச்சோதனையில் இல்லை. அத்தகையோருக்கு அது உதவும் என்று அமெரிக்க நரம்பு அறுவை மருத்துவர் அமைப்பொன்று 2016இல் பரிந்துரைத்தது.

இனிக் கடுகுத் தலையணை. தலையை உருண்டையாக்கும் என்று விற்கப்படும் குழந்தைத் தலையணைகளால் மூச்சடைப்பு நேரக்கூடும் என்று அமெரிக்க மருந்துக் கட்டுப்பாட்டுத் துறை 2022இல் எச்சரித்தது. உள்ளே கடுகு இருந்தாலும் பஞ்சு இருந்தாலும் ஆபத்து ஒன்றே. உறங்கும் சிசுவுக்குத் தலையணையே வேண்டுவதில்லை. யாரேனும் அன்போடு தைத்துக் கொடுத்திருந்தால், பெட்டியில் பத்திரமாக வைத்துக்கொள்ளலாம்.