தக்கர் கொலைகளும் அவற்றைக் கூறிய நூல்களும்

வழிப்போக்கரோடு நட்புப் பூண்டு சில நாள் உடன் நடந்து, அவர் அயர்ந்திருக்கும் வேளையிற் கைக்குட்டையாற் கழுத்தை நெரித்துக் கொன்று, உடலைப் புதைத்துப் பொருளைக் கவர்ந்த கூட்டத்தார் இந்தியாவிலே தக்கர் எனப்பட்டனர். வடநாட்டு மொழிகளில் அச்சொல்லுக்கு வஞ்சகர் என்பதே பொருள். பின்னர் அஃது ஆங்கிலத்திற் புகுந்து, முரடரையும் காடையரையும் குறிக்கும் சொல்லாக இன்று உலகெங்கும் வழங்குகின்றது. அச்சொல் இத்துணைத் தூரம் சென்றமைக்குக் கொலைகள் மட்டும் காரணமல்ல. கொலைகளைப் பற்றி எழுந்த நூல்களே பெருங் காரணம். காளியின் பெயராற் கொலை புரிந்த இரகசியச் சமயக் கூட்டம் என்று தக்கரை உலகுக்குக் காட்டியவை அந்நூல்களே.

இப்பொருள் பற்றி ஐரோப்பியர் எழுதியவற்றுள் முதன்மை வாய்ந்த கட்டுரை யொன்று சென்னையிலே பிறந்தது. றிச்சட் ஷெர்வூட் என்னும் கும்பனி வைத்தியர் 1816 இல் அதனை வெளியிட்டார். 1820 இற் கல்கத்தாவின் ஆசிய ஆராய்ச்சித் தொகுதியில் அது மீண்டும் அச்சேறியது. தெற்கே இக்கூட்டத்தாருக்குப் பான்சிகார் என்பது பெயர். தமிழில் அரித்துலுக்கர் என்றும், கன்னடத்திலும் தெலுங்கிலும் சுருக்குக் கயிற்றைச் சுட்டும் வேறு பெயர்களாலும் அவர்கள் வழங்கப்பட்டனர் என ஷெர்வூட் குறித்துள்ளார். 1799 இற் சீரங்கப்பட்டணம் வீழ்ந்த பின்னர்ப் பெங்களூர்ப் பக்கத்தில் ஏறத்தாழ நூறு பேர் பிடிபட்டனர். 1807 இல், திருவிதாங்கூர் வரை சென்று கொள்ளைப் பொருளோடு மீண்ட ஒரு கூட்டத்தாருட் பலர் சித்தூருக்கும் ஆர்க்காட்டுக்கும் இடையே அகப்பட்டனர். ஊரிலே அவர்கள் உழவராய், நல்ல குடிகளாய்த் தோன்றினர்; பாளையக்காரரின் நிழலிலே வாழ்ந்தனர். ஷெர்வூட் தெய்வ வழிபாட்டையும் கூறாது விட்டாரல்லர். ஆயினும் அவர் கட்டுரையிலே காளியோடு பாளையக்காரரும் இருக்கின்றனர். பின்வந்த நூல்களிற் பாளையக்காரர் மெல்ல மெல்ல மறைய, காளி மட்டும் எஞ்சினாள்.

கொல்லப்பட்டோர் யாவர் என்பதை முதலில் எண்ணிப் பார்த்தல் வேண்டும். சேர்த்த சம்பளத்தோடு விடுமுறையில் ஊர் திரும்பிய சிப்பாய்கள், வணிகரின் பணத்தைச் சுமந்து சென்ற ஆட்கள், யாத்திரிகர், வேலை தேடிப் புறப்பட்டோர் ஆகியோரே பெரும்பாலார். புகைவண்டியும் தந்தியும் இல்லாத காலமாதலின், திங்கட் கணக்கில் ஒருவன் வீடு திரும்பாவிடினும் அவன் இறந்தான் என்று வீட்டார் அறிய வழியில்லை. 1810 இலேயே செயின்ற் லெஜர் என்னும் படைத்தலைவர், சிப்பாய்கள் பணத்தைக் கையோடு கொண்டு செல்லாது உண்டியல் மூலம் அனுப்புமாறும், வழியில் அறியாதாரோடு சேராதிருக்குமாறும் எச்சரித்தார். அவ்வாணையிலே சமயம் பற்றிய பேச்சில்லை. சிப்பாய்கள் வழியிற் கொல்லப்படுகின்றனர் என்பதே செய்தி.

தக்கரை நூலுலகிற்கு முழுமையாகக் கொண்டு வந்தவர் வில்லியம் சிலீமன். 1788 இல் இங்கிலாந்தின் கோண்வால் பகுதியிற் பிறந்து கும்பனிப் படையிற் சேர்ந்த இவர், 1822 முதல் 1824 வரை நருமதை ஆற்றங்கரை நரசிங்கபுர மாவட்டத்தின் ஆட்சிப் பொறுப்பில் இருந்தார். தம் மாவட்டத்தில் நிகழும் சிறு களவும் தமக்குத் தெரியுமென நம்பியிருந்த அக்காலத்தில், தம் கச்சேரியிலிருந்து நானூறு யார் தொலைவுக்குள் கொலையையே தொழிலாகக் கொண்ட ஒரு கூட்டம் குடியிருந்ததை அறியாதிருந்தமையைப் பிற்காலத்தில் அவரே ஒளியாது எழுதினார். 1830 ஒக்டோபரிற் கல்கத்தா இதழொன்றில் அவர் பெயரிடாது எழுதிய கடிதம், விந்தியாசலக் கோயிலைத் தக்கரின் சமய நிலையமாகக் காட்டி அரசாங்கத்தின் கவனத்தை ஈர்த்தது. தேசாதிபதி பெந்திங்கின் ஆதரவோடு தக்கர் வேட்டை விரிவடைந்தது.

வேட்டையின் கருவி, மன்னிப்புப் பெற்ற குற்றவாளியே. பிடிபட்டவன் தன் கூட்டத்தாரைக் காட்டிக் கொடுப்பின் தூக்குமேடைக்குத் தப்பலாம். அவ்வாறு அரச சாட்சியானோருட் பெயர் பெற்றவன் பெரிங்கியா என்பான். சிலீமனின் கூடாரம் நின்ற தோப்பிலேயே புதைகுழிகள் உள்ளன என்று அவன் கூற, தோண்டியபோது எலும்புகள் வெளிப்பட்டன. இத்தகைய சான்றுகள் பல இடங்களிற் கிடைத்தன. ஆகையால், தக்கர் என்போர் ஆங்கிலேயரின் வெறுங் கற்பனை என்று இக்காலத்தார் சிலர் கூறுவது பொருந்தாது. மண்ணிற் கிடந்த எலும்புகள் எவருடைய கற்பனையும் அல்ல.

ஆனால் எலும்பு ஒன்று, அதற்குக் கூறப்படும் காரணம் பிறிதொன்று. 1836 இற் சிலீமன் வெளியிட்ட இராமசியானா என்னும் நூல், தக்கரின் குழூஉக்குறிச் சொற்களை அகராதியாகத் தருவதோடு, சிறைப்பட்டோருடன் அவர் நிகழ்த்திய உரையாடல்களையும் தருகின்றது. குழூஉக்குறி எல்லாக் கள்வரிடத்தும், ஏன், மாட்டுத் தரகரிடத்தும் உண்டு. உரையாடல்களே நூலின் உயிர். பவானிக்குப் படைத்த வெல்லத்தை ஒருமுறை உண்டவன் இத்தொழிலை விடமாட்டான் என்று பெரிங்கியா கூறியது பிற்கால நூல் ஒவ்வொன்றிலும் திரும்பத் திரும்ப வருகின்றது. தக்கருள் முஸ்லிம்கள் பலர் இருந்தமையால், பவானி வழிபாடு உங்கள் மார்க்கத்துக்கு எவ்வாறு ஒக்கும் என்று சிலீமன் அவர்களை வினவுகின்றார். அவர்கள் ஒருமித்து விடை கூறவில்லை. தக்காணத்தார் ஒன்று கூற, வடநாட்டார் மறுக்கின்றனர். ஒரே கோட்பாடுடைய சமயக் கூட்டமாயின் இத்தகைய பிணக்கு எழுமோ? அன்றியும், வினவுபவர் கையிலே விடை கூறுவோனின் உயிர் இருந்தது. பவானி கட்டளையிட்டாள் என்பது கேட்பவருக்கு உவப்பான விடை மட்டுமன்று, கூறுவோனின் பழியையும் குறைக்கும் விடை.

தக்கர் குந்தாலியைப் பூசித்தனர், சகுனம் பார்த்தனர் என்பன பெரும் வியப்பாக எழுதப்பட்டுள்ளன. சரசுவதி பூசையன்று தச்சன் உளியையும் கொல்லன் சுத்தியலையும் பொட்டிட்டு வணங்கும் வழக்கத்தை அறிந்தோருக்கு இதில் வியப்பில்லை. தொழில் கொடியது, தொழிற் கருவியை வணங்கும் வழக்கமோ எல்லார்க்கும் பொது.

இராமசியானா வெளிவந்த 1836 ஆம் ஆண்டிலேயே முப்பதாம் இலக்கச் சட்டமும் பிறந்தது. குறித்த ஒரு கொலையைச் செய்தான் என்று நிறுவ வேண்டியதில்லை. சட்டத்துக்கு முன்னரோ பின்னரோ தக்கர் கூட்டத்தைச் சேர்ந்திருந்தான் என்று நிறுவினாற் போதும், ஆயுட் காலக் கடூழியச் சிறை. நூலும் சட்டமும் ஒன்றையொன்று தாங்கி நின்றன. சிலீமன் 1856 இல் இங்கிலாந்து நோக்கிச் செல்கையிற் கப்பலிலேயே இறந்தார்; அவருடலை இலங்கைக் கரைக்கு அப்பாற் கடலில் இட்டனர்.

சிலீமனின் நூல் அதிகாரிகளின் கைநூல். பொதுமக்களின் நூலாகியது பிலிப் மெடோஸ் ரெயிலர் 1839 இல் மூன்று பாகமாக வெளியிட்ட, ஒரு தக்கனின் வாக்குமூலம் எனப் பெயரிய நாவல். ஐதராபாத் நிசாமின் சேவையில் இருந்த ரெயிலர், தக்கரை நேரிற் கண்டவர். விக்ரோறியா மகாராணி அச்சுத் தாள்களையே வருவித்துப் படித்தார் என்பது நாவலின் புகழுக்குச் சான்று. அதன் தலைவன் அமீர் அலி 719 கொலைகளைக் கணக்கிட்டுக் கூறுகின்றான். சிறைப்படாதிருந்தால் ஆயிரம் ஆகியிருக்குமே என்று வருந்துகின்றான். அவன் பெற்றோரைக் கொன்றவனே அவனை வளர்த்தான். தன் உடன்பிறந்தாளையே அறியாது அவன் கொல்கின்றான். இவை கதைக்கு அணி செய்வன. எனினும், வாக்குமூலம் என்ற பெயரால் மயங்கிய வாசகர் பலர் கதையை ஆவணமாகவே கொண்டனர். கொலைகாரன் பேசப் பேச, இறந்தவன் ஓர் எண்ணாகிவிடும் குறையும் இந்நாவலிலிருந்தே இத்துறைக்கு வந்தது எனலாம்.

எண்கள் வளர்ந்த வகையும் நோக்கத்தக்கது. அயோத்திப் பகுதித் தக்கன் பெஹ்ராம் 931 கொலைகள் செய்தான் என்று சாதனைத் தொகுப்பு நூல்கள் கூறின. ஆனால் 1830 களின் பிற்பகுதியில் இலக்னோவிற் கப்டன் பேற்றன் எழுதி வைத்த வாக்குமூலத்தில், தன் கையாற் கொன்றோர் 125 பேர் அளவில் இருக்கலாம், பிறர் கொல்லக் கண்டது மேலும் 150 என்றே அவன் கூறுகின்றான். 931 என்பது அவன் சென்ற கூட்டங்கள் செய்த கொலைகளின் தொகை. சிலீமனின் பேரர் ஜேம்ஸ் சிலீமன் 1933 இல் எழுதிய நூலின் பெயரிலேயே பத்து இலட்சம் கொலைகள் இடம்பெற்றன. 2005 இல் மைக் டாஷ் ஆவணங்களை ஆராய்ந்து ஏறத்தாழ 50,000 என மதிப்பிட்டார். இருபது மடங்கு வேறுபாடு! திரைப்படமோ இத்தகைய கணக்கையும் வேண்டுவதில்லை. காளி கோயிலும் நரபலியும் நிறைந்து 1984 இல் வெளிவந்த ஹொலிவூட் படத்துக்கு இந்திய அரசு இசைவு மறுத்தமையால், அதன் காட்சிகள் நம் கண்டிப் பகுதியிலே எடுக்கப்பட்டன.

மறுவாசிப்பு 1959 இல் ஹீராலால் குப்தாவின் கட்டுரையோடு வலுப்பெற்றது. கும்பனி ஆட்சி பரவச் சுதேச மன்னரின் படைகள் கலைந்து, பிழைப்பிழந்தோர் வழிப்பறியில் இறங்கினர் என்பது அவர் கருத்து. 2007 இற் கிம் வாக்னர், சம்பல் ஆற்றுப் பகுதியின் சிந்தௌஸ் ஊரை நுணுகி ஆராய்ந்தார். 1812 இற் கும்பனிப் படை தாக்கிய ஊர் அது. அங்கே தக்கர் நிலக்கிழாருக்கு வரி செலுத்தி, அவர் பாதுகாப்பிலே வாழ்ந்தனர். ஷெர்வூட் கண்ட பாளையக்காரர் இவ்வாறு ஏறத்தாழ இரு நூற்றாண்டு கழித்து நூலுக்குள் மீண்டனர்.

அதற்குள் வேறொன்று நிகழ்ந்து விட்டது. பிறப்பாலே குற்றவாளியானவன் உளன் என்னும் எண்ணம் சட்டமாகியது. அதற்குத் தக்கர் நூல்களே தனிக் காரணம் என்பது மிகை. ஆயினும், செயலை விட்டுக் கூட்டத்தைத் தண்டிக்கும் வழியை முதலிற் காட்டியது தக்கர் சட்டமே. 1871 இன் குற்றப் பரம்பரைச் சட்டம் வட இந்தியாவில் முழுச் சாதிகளையே பதிவேட்டில் ஏற்றியது. 1911 இல் அது சென்னை மாகாணத்துக்கும் வந்தது. மதுரைச் சீமையின் பெருங்காமநல்லூரிலே, கைரேகை வைக்க மறுத்த பிரமலைக் கள்ளர் மீது 1920 ஏப்பிரல் 3 ஆம் நாள் பொலிசார் சுட்டதிற் பதினாறுக்குக் குறையாதோர் மாண்டனர். சென்னை மாகாணத்தில் 1947 இலும், இந்தியா முழுவதிலும் 1952 இலும் அச்சட்டம் நீக்கப்பட்டது.