கழுமரத்தில் ஒரு சைக்கிள் சீட்

சென்ற வாரம் நியூயார்க்கில் நிறுத்தியிருந்தோம். அர்ஜென்டினாவில் எடுத்து விலைபோகாமல் கிடந்த படம் ஒன்றின் வாலில் ஒரு கொலைக் காட்சியை ஒட்டி, ‘ஸ்னஃப்’ என்று பெயரிட்டு, 1976இல் காசு பார்த்தார் விநியோகஸ்தர் ஆலன் ஷாக்கிள்டன். ‘செத்துப்போன’ நடிகை உயிரோடு இருப்பதை அரசு வழக்கறிஞர் அலுவலகமே விசாரித்துச் சொல்ல வேண்டியிருந்தது. நான்கு வருடம் கழித்து, நிஜமாகவே கொன்றுவிட்டார்களோ என்ற அதே சந்தேகம் இத்தாலியில் கோர்ட் படியேறியது.

படம் ‘கேனிபல் ஹோலோகாஸ்ட்’. இயக்குநர் ருஜ்ஜெரோ தியோதாத்தோ, ரோசலினியிடம் உதவி இயக்குநராகத் தொழில் பழகியவர். ரெட் பிரிகேட்ஸ் தீவிரவாதிகளின் கொலைகளை இத்தாலியத் தொலைக்காட்சி பிணத்தோடு வீட்டுக் கூடத்துக்குக் கொண்டுவந்த காலம் அது. அந்தக் கேமரா வெறியே தனக்கு இந்தக் கதையைத் தந்ததாகப் பிற்பாடு சொன்னார். ஆவணப்படம் எடுக்க அமேசான் காட்டுக்குள் போன நான்கு அமெரிக்க இளைஞர்கள் திரும்பவில்லை. தேடிப்போகும் பேராசிரியரிடம் அவர்களுடைய பிலிம் சுருள்கள் மட்டும் சிக்குகின்றன. அந்தச் சுருள்களில் என்ன இருந்தது என்பதுதான் பிற்பாதிப் படம். கை நடுக்கமும் கீறலுமாக, யாரோ தெரியாத்தனமாக விட்டுப்போன பதிவுபோலவே இருக்கும்.

1979இல் கொலம்பியாவின் லெத்திசியா பக்கம் படப்பிடிப்பு. முகம் தெரியாத நடிகர்களாகப் பிடித்தார் தியோதாத்தோ. படம் வெளியான பிறகு ஒரு வருடம் எந்தப் பத்திரிகையிலும் படத்திலும் தலைகாட்டக் கூடாதென்று கையெழுத்தும் வாங்கிக்கொண்டார். கெட்டிக்கார யோசனைதான். அதுவே பிறகு அவர் கழுத்துக்குச் சுருக்கானது.

1980 பிப்ரவரியில் மிலானில் திரையிட்டார்கள். சுமார் 10 நாளில் பிரதிகள் பறிமுதல். முதலில் ஆபாச வழக்கு. நடிகர்கள் நிஜமாகவே கொல்லப்பட்டிருக்கலாம் என்று ‘ஃபோட்டோ’ என்ற பிரெஞ்சுப் பத்திரிகை எழுதியதும் பேச்சு கொலைக்குற்றம் வரை போனது. நடிகர்கள் எங்கே என்ற கேள்விக்கு இயக்குநரிடம் பதில் இருந்தது, ஆள்தான் இல்லை. அவர்களில் ஒருவரான லூகா பார்பரேஸ்கியைப் பிடித்து, மற்றவர்களையும் வரவழைத்து, உயிரோடு இருப்பதை நிரூபித்தார்.

படத்தில் கழுவேற்றப்பட்ட பழங்குடிப் பெண் மிச்சமிருந்தாள். சுவரொட்டிகளில் இன்றுவரை வரும் காட்சி அது: தரையில் நட்ட கம்பம் உடலைத் துளைத்து வாய் வழியே வெளியே நீட்டிக்கொண்டிருக்கும். செய்த விதம் சிரிப்பு வரவழைக்கும் அளவுக்கு எளிது. இரும்புக் கம்பத்தின் நுனியில் சைக்கிள் சீட் ஒன்று. அதில் அந்தப் பெண் அமர்ந்து, கூராகச் சீவிய பால்சா மரத்துண்டைப் பல்லால் கவ்விக்கொண்டு வானத்தைப் பார்த்திருக்கிறாள். மேலே கொஞ்சம் ரத்தம். படப்பிடிப்புக் குழுவோடு அவள் இருக்கும் புகைப்படங்களையும் காட்டிய பிறகே கொலைக் குற்றச்சாட்டு விழுந்தது.

மனிதர்கள் செத்தார்களா என்று இவ்வளவு பேர் கேட்டார்களே, நிஜமாகச் செத்தவை கண்ணெதிரே திரையில் இருந்தன. ஆற்றிலிருந்து இழுத்துவந்த பெரிய ஆமையின் தலையை வெட்டி, ஓட்டைப் பிளந்து குடலை அள்ளும் காட்சியில் ஒப்பனை எதுவும் இல்லை. கேமரா அவசரப்படாமல் நின்று பார்க்கிறது. குரங்குக் காட்சியை இரண்டு முறை எடுத்ததால் இரண்டு குரங்குகள் போயின. பன்றி, பாம்பு எல்லாம் தனி. எனக்கு இதில் மன்னிப்பே கிடையாது. தியோதாத்தோவும் பிற்காலத்தில் விலங்குகளைக் கொன்றிருக்கக் கூடாது என்று ஒப்புக்கொண்டார். வழக்கில் அவருக்குக் கிடைத்தது நான்கு மாதத் தண்டனை, அதுவும் நிறுத்திவைக்கப்பட்டது. 1984இல் போராடிப் படத்தின் மீதிருந்த தடையை நீக்கவைத்தார்.

வழக்கு முடிந்தாலும் வதந்திக்கு ஓய்வில்லை. ‘50 நாடுகளில் தடை’ என்று இன்றும் இணையத்தில் வீடியோவுக்கு வீடியோ ஓதுகிறார்கள். அந்த 50 நாடுகளின் பட்டியலை மட்டும் எவரும் நீட்டுவதில்லை. ‘ஃபேசஸ் ஆஃப் டெத்’ என்ற இன்னொரு படத்தின் வீடியோ உறையிலோ 46 நாடுகள்! அந்தப் படத்தில் உணவு மேசையில் குரங்கு மூளை என்று பரிமாறியது சிவப்புச் சாயம் பூசிய காலிஃப்ளவர்.

ஜப்பானில் ஒரு மங்கா ஓவியர் 1985இல் எடுத்த வீடியோவைப் பார்த்துவிட்டு, ஹாலிவுட் நடிகர் சார்லி ஷீன் பதறிப்போய்ப் புகார் செய்ய, எஃப்.பி.ஐ. வரை விவகாரம் போன கதை அடுத்த வாரம்.

(தொடரும்)