'கேம் ஆஃப் த்ரோன்ஸ்' ஆரூடம்: கடைசி வரை வராத அந்த இளவரசர் யார்?

2019 ஏப்ரலில் வந்த அந்த எபிசோடை ரசிகர்கள் மறந்திருக்க மாட்டார்கள். இருட்டிலிருந்து பாய்ந்து வந்த ஆர்யா ஸ்டார்க், ஒரே குத்தில் நைட் கிங்கின் கதையை முடித்தார். கொண்டாட்டம் அடங்குவதற்குள் அடுத்த கேள்வி கிளம்பியது: அப்போ, அந்த ஆரூடம் என்னாச்சு?

உலகைக் காப்பாற்ற ஒருவர் வருவார் என்று இரண்டாவது சீசனிலிருந்து சொல்லிக்கொண்டே இருந்தார்கள். மே மாதம் தொடர் முடிந்தபோது அதைப் பற்றி யாரும் வாயே திறக்கவில்லை.

(தொடரை இன்னும் பார்க்காதவர்கள் கவனத்துக்கு: முக்கியத் திருப்பங்கள் கீழே இருக்கின்றன.)

ஆரூடம் சொல்வது என்ன?

எசோஸ் கண்டத்தின் தூரக் கிழக்கில் ஆஷாய் என்றொரு நகரம். அங்குள்ள பழைய நூல்களில் இந்த ஆரூடம் இருப்பதாக மெலிசாண்ட்ரே சொல்கிறார். நீண்ட கோடை முடிந்து இருள் சூழும்போது, அஸோர் அஹாய் என்ற பழங்கால வீரர் புகைக்கும் உப்புக்கும் நடுவே மறுபடி பிறப்பார், கல்லிலிருந்து டிராகன்களை எழுப்புவார், அவர் கையில் நெருப்பு வாள் இருக்கும் என்பது அதன் சாரம். 'வாக்களிக்கப்பட்ட இளவரசர்' என்று சொல்வதும் இவரைத்தான் என்பது மெலிசாண்ட்ரேவின் நம்பிக்கை.

அந்த வாளுக்கு ஒரு முன்கதை உண்டு. இது டிவி தொடரில் இல்லை, ஜார்ஜ் ஆர்.ஆர். மார்ட்டினின் இரண்டாவது நாவலில் வருகிறது. அஸோர் அஹாய் 30 நாள் உழைத்து ஒரு வாள் செய்து தண்ணீரில் தோய்க்கிறார், உடைந்துபோகிறது. அடுத்தது 50 நாள். சிங்கத்தின் நெஞ்சில் பாய்ச்சுகிறார், அதுவும் உடைகிறது. மூன்றாவது வாளுக்கு 100 நாள். இந்த முறை மனைவி நிஸ்ஸா நிஸ்ஸாவைக் கூப்பிட்டு, அவர் நெஞ்சில் பாய்ச்சுகிறார். வாள் பற்றிக்கொள்கிறது.

அதாவது, உலகைக் காப்பாற்றும் வாளுக்கு விலை ஓர் அப்பாவிப் பெண்ணின் உயிர். ஆரூடத்தை நம்பியவர்கள் பிறகு செய்ததையெல்லாம் புரிந்துகொள்ள இந்தக் கதை போதும்.

யாருக்குப் பொருந்துகிறது?

முதலில் தன்னையே அந்த இளவரசராக நினைத்தவர் ரேகார் டார்கேரியன். புத்தகமும் கையுமாக இருந்த பையன், ஏதோ ஒரு சுவடியைப் படித்துவிட்டு வாள் பயிற்சிக்கு வந்து நின்றானாம். பிறகு தன் மகன்தான் அந்த இளவரசன் என்று முடிவை மாற்றிக்கொண்டார். டிரைடென்ட் போரில் ராபர்ட் பராத்தியன் கையால் அவர் கதை முடிந்தது.

ஸ்டானிஸ் பராத்தியன் கதை இன்னும் கொடுமை. நீதான் அஸோர் அஹாய் என்று மெலிசாண்ட்ரே சொல்ல, அவரும் நம்பினார். 2015-ல் வந்த ஐந்தாவது சீசனில் தன் ஒரே மகள் ஷிரீனைத் தீயில் பலி கொடுத்தார். விடிந்து பார்த்தால் படையில் பாதிப் பேர் ஓடிப்போயிருந்தார்கள், மனைவி தூக்கில் தொங்கினார். அவரும் பிழைக்கவில்லை.

டெனேரிஸுக்கு நன்றாகவே பொருந்துகிறது. எரிமலைப் புகையும் கடல் உப்பும் சூழ்ந்த டிராகன்ஸ்டோனில் பிறந்தவர், கல்லாகிப்போன முட்டைகளிலிருந்து டிராகன்களைக் கொண்டுவந்தவர். ஆனால் 'இளவரசர்' ஆணாயிற்றே? வலீரிய மொழியில் அந்தச் சொல்லுக்கு ஆண்பால் பெண்பால் கிடையாது என்று ஏழாவது சீசனில் மிஸ்ஸாண்டே விளக்குகிறார். நம் 'அவர்' மாதிரி. மொழிபெயர்த்தவர்கள் செய்த குழப்பம்!

ஜான் ஸ்நோவையும் விட முடியாது. ஐந்தாவது நாவலில் அவரைக் குத்தும்போது காயத்திலிருந்து புகை வருகிறது, குத்துபவரில் ஒருவர் கண்ணில் கண்ணீர். புகையும் உப்பும் வந்தாச்சு. ஆனால் தொடரில் நைட் கிங்கைக் கொன்றது அவர் இல்லை. கடைசியில் காதலி டெனேரிஸை முத்தமிட்டபடியே நெஞ்சில் குத்தினார். நிஸ்ஸா நிஸ்ஸா கதை அப்படியே இருக்கிறதே என்று ரசிகர்கள் சொன்னார்கள். எந்த வாளும் பற்றி எரியவில்லை என்பதுதான் சிக்கல்.

2022-ல் வந்த 'ஹவுஸ் ஆஃப் தி டிராகன்' ஒரு ஒட்டுப்போட்டது. ஆர்யா பயன்படுத்திய அதே கத்தியில்தான் இந்த ஆரூடம் பொறிக்கப்பட்டிருந்ததாம். அங்கேயும் சாகக் கிடக்கும் மன்னர் விசெரிஸ் உளறியதை ராணி அலிசென்ட் தப்பாகப் புரிந்துகொள்ள, உள்நாட்டுப் போருக்கு அதுவும் ஒரு காரணமானது.

மார்ட்டின் கணக்கு என்ன?

மார்ட்டினுக்கு இங்கிலாந்தின் ரோஜாப் போர்கள் மீது தனி ஈர்ப்பு உண்டு. அந்தக் காலத்தில் சாமர்செட் பிரபுவுக்கு, கோட்டை ஒன்றில்தான் சாவு என்று ஒரு ஆரூடம் இருந்ததாகச் சொல்வார்கள். அவரும் கோட்டைகளைத் தவிர்த்தாராம். 1455-ல் செயின்ட் ஆல்பன்ஸ் சண்டையில் அவர் இறந்தது ஒரு விடுதி வாசலில். விடுதியின் பெயர் 'கோட்டை'. இந்த மாதிரி ஆரூடம்தான் மார்ட்டினுக்குப் பிடிக்கும்.

நாவல்களில் விடை இன்னும் வரவில்லை. ஐந்தாவது நாவல் 2011-ல் வந்தது. ஆறாவதான 'தி விண்ட்ஸ் ஆஃப் வின்டர்' இன்னும் வெளிவரவில்லை. தொடரில் வந்த நைட் கிங் நாவல்களில் கிடையாது, அதனால் ஆர்யாவின் அந்தக் குத்து அப்படியே நடக்கவும் வழியில்லை. ஸ்டானிஸ் பனியில் சிக்கியிருக்கிறார். ஷிரீன் இன்னும் உயிரோடுதான் இருக்கிறாள், மெலிசாண்ட்ரே இருக்கும் அதே காசில் பிளாக்கில்.