இடிச்ச பப்பைத் திரும்பக் கட்டின கதை

2015 ஏப்ரல் 8ஆம் திகதி, லண்டனின் மைடா வேல் பகுதியில் ஒரு பப்பை புல்டோசர் வந்து இடிச்சது. பெயர் கார்ல்டன் டாவர்ன். அதுக்கு இரண்டு நாளைக்கு முதல், ஈஸ்டர் திங்களன்று, "சாமான் கணக்கெடுக்க வேணும், இண்டைக்குப் பூட்டுங்கோ" எண்டு உரிமையாளர் தரப்பு சொல்லியிருந்தது. பப்பை நடத்தினவ திரும்பி வந்து பார்த்தபோது பெரும்பகுதி கற்குவியல்.

ஒரு குடிக்கிற இடத்துக்கு ஏன் இவ்வளவு கதை எண்டு கேட்பீர்கள். நாங்கள் கள்ளுத் தவறணை எண்டு சொல்லுற சொல்லும் இந்த 'டாவர்ன்'உம் ஒரே குடும்பத்துச் சொற்கள்தான். ஆனா தவறணைக்குப் போறதை வீட்டில மறைக்கிற ஊர் எங்கட ஊர். இங்கிலாந்தில பப் எண்டால் 'பொது வீடு' எண்டதன் சுருக்கம். 1552இலேயே அதுக்கு உரிமப் பத்திரம் வேணும் எண்டு சட்டம் வந்திட்டுது. 1830இல் வந்த பியர்ச் சட்டம், இரண்டு கினி கட்டினால் தன்ர வீட்டிலேயே பியர் விக்கலாம் எண்டு கதவைத் திறந்துவிட, தெருவுக்குத் தெரு கடை முளைச்சது. பிறகு பெரிய மதுவடி கம்பனிகள் பப்புகளை வாங்கி, தங்கட பியரை மட்டும் விக்கிற இடங்களாக்கின.

கார்ல்டனும் அப்படி ஒண்டுதான். அந்த இடத்தில முதல் இருந்த பப், முதலாம் உலகப் போரில ஜேர்மன் குண்டுவீச்சில அழிஞ்சது. சாரிங்டன் எண்ட மதுவடி கம்பனி, ஃபிராங்க் பொட்டர் எண்ட கட்டடக்கலைஞரைக் கொண்டு 1920-21இல் புதுசாக் கட்டினது. வெளிச்சுவரில பளபளக்கிற ஓடுகள், கம்பனிப் பெயர் பொறிச்ச பலகைகள். இரண்டாம் உலகப் போரின் குண்டுகளுக்கும் தப்பி நிண்டது.

(பப்பை நான் ஒரு சொர்க்கமாக் காட்டேல்லை. 1965இல் இனப் பாகுபாட்டுக்கு எதிரான சட்டம் வரும்வரைக்கும், கறுப்பர், ஆசியர் எண்டு சொல்லி ஆக்களை வாசலிலேயே திருப்பி அனுப்பின 'பொது வீடுகள்' இவை. எல்லாருக்கும் பொது எண்டது பிந்தித்தான் வந்தது.)

உரிமையாளருக்கு அந்த இடத்தில அடுக்குமாடி வீடுகள் கட்ட ஆசை. வெஸ்ற்மின்ஸ்ரர் மாநகரசபை அனுமதி மறுத்தது. அதே நேரம் கட்டடத்தைப் பாதுகாக்கப்பட்ட பட்டியலில சேர்க்கிற வேலையும் நடந்துகொண்டிருந்தது. அது முடிய ஒண்டிரண்டு நாள் இருக்கத்தான் இடிச்சது. தற்செயல் எண்டு நம்ப எனக்கு மனமில்லை.

ஆனா அங்கத்தைச் சனம் முந்திக்கொண்டுவிட்டது. ஏதோ நடக்கப்போகுது எண்டு மணந்து, மரபுரிமைத் திணைக்களத்தை முதலே கூப்பிட்டிருந்தவை. அவர்கள் உள்ளுக்கும் வெளியிலும் படம் எடுத்து, ஓடுகளுக்குச் சாந்து அச்சும் எடுத்து வச்சிருந்தார்கள். எனக்கு இந்தக் கதையில பெரிய விசயம் இதுதான். போராட்டம் எண்டால் கோசமும் பதாகையும் மட்டும் எண்டு நினைக்கிறம். இங்க வழக்கை வெண்டது, இடிக்க முதல் எடுத்த அளவும் படமும். "எப்படி இருந்தது எண்டு தெரியாது, எப்படித் திருப்பிக் கட்டுறது?" எண்டு கைவிரிக்க ஒருத்தருக்கும் வழியிருக்கேல்லை.

இருந்த மாதிரியே திரும்பக் கட்டு எண்டு மாநகரசபை கட்டளை போட்டது. உரிமையாளர் மேன்முறையீடு செய்தார். 2016இல் அதுவும் தோத்தது. லண்டனில் இப்படி ஒரு தீர்ப்பு மிக அபூர்வம். பொதுவா தண்டப்பணத்தைக் கட்டிப்போட்டு, இலாபத்தோட போயிடலாம். அடுத்த வருசமே, 2017இல், இங்கிலாந்தில பப்பை இடிக்கத் திட்டமிடல் அனுமதி கட்டாயம் எண்டு சட்டமும் மாறினது.

மிஞ்சின செங்கல்லுகளையும் சேர்த்து, அச்சுகளைப் பார்த்துப் புது ஓடுகளும் செய்து கட்டிமுடிக்க வருசங்கள் எடுத்தது. திரும்பக் கட்டினது பழைய பப்தானா எண்டு கேட்கலாம். கறை படிஞ்ச மேசையையும் தேய்ஞ்ச வாசற்படியையும் எந்த அச்சும் திருப்பித் தராது. ஆனா அந்த மூலையில இப்ப அடுக்குமாடி மட்டும் நிக்கேல்லை, பப் நிக்குது.

2021 ஏப்ரலில் திறந்தார்கள். கொரோனா விதிப்படி அந்த மாதம் இங்கிலாந்துப் பப்புகள் வெளியிலதான் ஆக்களை இருத்தலாம். ஆறு வருசம் சண்டை பிடிச்ச சனம், முதல் கிளாசை அந்தச் சுவருக்கு வெளியில இருந்துதான் குடிச்சது.