எலும்பு வீரரும் பூட்டிய பெட்டியும்

1286-ஆம் ஆண்டு. காலோமியர் என்னும் நாட்டில், ஸாரொக் என்ற மந்திரவாதியை எதிர்த்துப் படை புறப்படுகிறது. அரசனுக்குக் கதையளந்தே தளபதியான சர் டேனியல் முன்னே பாய்கிறார். முதல் அம்பே கண்ணில் தைத்து மாள்கிறார். அரசனோ, மந்திரவாதியைக் கொன்று வீழ்ந்த மாவீரர் என்று அவரைச் சரித்திரத்தில் ஏற்றிவிடுகிறான். நூறாண்டு கழித்து எலும்புக்கூடாய் எழும் அவர், அப்பொய்ப் புகழைத் தம் வாளால் மெய்யாக்க வேண்டும்.

அன்பர்கள் மலைக்க வேண்டா. இது நடந்த வரலாறு அன்று. இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் நகரில் உருவாகி, 1998-இல் சோனியின் பிளேஸ்டேஷன் பெட்டிக்கென வெளிவந்த ‘மீடீவில்’ என்னும் விளையாட்டின் கதை. நாம் சொல்ல முற்பட்ட வரலாறு அந்தப் பெட்டியைப் பற்றியது.

சிங்கப்பூரில் வாங்கிய பெட்டி லண்டனில் வாங்கிய குறுந்தகட்டை ஏற்காது. இரண்டும் காசு கொடுத்து வாங்கியவையே. ரயில்வேயில் எழுத்தராய்க் காலம் தள்ளும் நமக்கு இது விந்தையாகத் தோன்றவில்லை. மீட்டர் கேஜ் வண்டி பிராட் கேஜ் தண்டவாளத்தில் ஏறுமோ? ஆனால் அங்கே தடுப்பது 1,000 மில்லிமீட்டருக்கும் 1,676 மில்லிமீட்டருக்கும் உள்ள இடைவெளி. இங்கே தடுத்தவை நான்கே எழுத்துகள்.

தகட்டின் தொடக்கத்திலுள்ள சுருள் தடம் மிக நுண்ணியதாய் நெளிகிறது. அந்நெளிவில் ஜப்பானுக்கு எஸ்.சி.இ.ஐ., அமெரிக்காவுக்கு எஸ்.சி.இ.ஏ., ஐரோப்பாவுக்கு எஸ்.சி.இ.இ. என்ற எழுத்துகள் மறைந்துள்ளன. தனக்குரிய எழுத்துகளைக் கண்டாலன்றிப் பெட்டி ஆட்டத்தைத் தொடங்காது. வீட்டுக் கருவியால் இந்நெளிவைப் படியெடுக்க இயலாது. ஆகவே கள்ள நகலும் ஓடாது. அயல்நாட்டு அசலும் ஓடாது. திருடனுக்கும் விருந்தாளிக்கும் ஒரே கதவடைப்பு! பழுது பார்ப்போர் கண்ட மாற்று எளியது. சிறு சில்லு ஒன்றை உள்ளே ஈயம் பற்றவைத்துப் பொருத்தினர். பெட்டி எதிர்பார்க்கும் எழுத்துகளை அதுவே ஓதிவிடும்.

இச்சில்லு நீதிமன்றமும் ஏறிற்று. சிட்னியில் அதை விற்றவர்மீது சோனி தொடுத்த வழக்கில், ஆஸ்திரேலியாவின் தலைமை நீதிமன்றம் 2005-இல் விற்றவர் பக்கம் தீர்ப்பளித்தது. அப்பூட்டு நகலெடுப்பதைத் தடுக்கவில்லை, எடுத்த நகல் ஓடுவதையே தடுக்கிறது என்பது காரணம். அடுத்த ஆண்டே அந்நாடு தன் சட்டத்தைத் திருத்திற்று. நம் நாட்டுப் பதிப்புரிமைச் சட்டத்தில் 2012-இல் சேர்ந்த 65-ஏ பிரிவு, உரிமையை மீறும் நோக்கத்துடன் இத்தகைய பூட்டை உடைப்போருக்கு ஈராண்டு வரை சிறை விதிக்கிறது. ‘நோக்கம்’ என்னும் அச்சொல்லை நாம் பெரிதும் மதிக்கிறோம். நகல் விற்றுப் பிழைத்தோருக்கும் இச்சில்லே கைகொடுத்தது என்பதை மறைப்பதற்கில்லை. ஆயினும், விலை கொடுத்து வாங்கிய தகட்டை ஓட்டுவதற்காகத் தன் பெட்டியைத் திறப்பவனைத் திருடன் என்றழைக்க நம் மனம் ஒப்பவில்லை.

கேம்பிரிட்ஜ் கூடம் 2017-இல் மூடப்பட்டது. 2019-இல் அதே கதை பிளேஸ்டேஷன் 4-க்குப் புத்துருவம் பெற்றது. பழைய பெட்டிகளோ முதுமையால் தளர்ந்துவிட்டன. தகடு சுழலும் பொறியையே நீக்கிவிட்டு மெமரி கார்டு செருகும் மாற்றமும் வந்துள்ளது. அது இல்லாதோர், முதல் மாதிரிப் பெட்டிகளுக்கு அக்காலத்தார் கண்ட வைத்தியமாய், பெட்டியைத் தலைகீழாய்க் கவிழ்த்து வைத்து ஓட்டுவர். நம் காலனி வீடொன்றில், அவ்வாறு கவிழ்ந்து கிடந்த பெட்டியிலிருந்து சர் டேனியல் கல்லறை விட்டு எழுந்து வரக் கண்டோம்.