கல்நாரும் சாலமாண்டர் கம்பளியும்: ஒரு புனைவு விலங்கின் வரலாறு

தீயில் இட்டாலும் எரியாத துணியைப் பற்றிய செய்திகள் கிரேக்க, உரோமானிய, சீன, அரபு நூல்களில் காணப்படுகின்றன. அது நெருப்பில் வாழும் விலங்கொன்றின் மயிரால் நெய்யப்பட்டது என்ற கருத்தோ அவை எல்லாவற்றிலும் இல்லை. துணி உண்மையானது. பாறைப் பிளவுகளில் நார் நாராகப் படிந்திருக்கும் சிலிக்கேட்டுக் கனிமமான கல்நாரே அதன் மூலப்பொருள்; அழுக்கும் எண்ணெய்ப் பிசுக்கும் நெருப்பில் எரிந்துபோக இழை மட்டும் எஞ்சுவதால், கறைபட்ட துணி அடுப்பிலிருந்து வெளுத்து வெளிவரும். இத்துணிக்கு ஒரு விலங்கு எப்போது, ஏன் தேவைப்பட்டது என்பதே இங்கு ஆராயப்படுகிறது.

இயுபோயாத் தீவின் காரிஸ்டோசில் எடுக்கப்பட்ட கல்லைச் சீவி நூற்றுத் துவாலைகள் நெய்யப்பட்டதையும், அவை அழுக்கடைந்தால் தீயில் இட்டுத் தூய்மை செய்யப்பட்டதையும் ஸ்டிராபோ பதிவு செய்துள்ளார். கல் வெட்டும் இடம் அருகிலேயே இருந்த அவ்வூரைப் பற்றிய குறிப்பில் விலங்குக்கு இடமில்லை. கி.பி. முதல் நூற்றாண்டில் பிளினி, விருந்துகளில் கைத்துணிகள் அடுப்பில் தகதகத்ததைத் தாமே கண்டதாக எழுதியபோதிலும், அவற்றின் நார் இந்தியாவின் மழையற்ற, பாம்புகள் நிறைந்த பாலை நிலத்தில் விளையும் ஒருவகை ஆளிச்செடியினது என்றே நம்பினார். பல்லியைப் போன்ற தோற்றமுடைய, ஈரத்தோல் கொண்ட நீர்நில வாழியான சாலமாண்டர், தன் குளிர்ச்சியால் நெருப்பை அணைத்துவிடும் என்று அதே நூலின் வேறொரு பகுதியில் அவர் கூறுகிறார். ஆனால் அவ்விரண்டு செய்திகளையும் அவர் இணைக்கவில்லை.

சீனத்தில் இணைப்பு முன்னதாகவே நிகழ்ந்துவிட்டது. தெற்கே இரவும் பகலும் எரியும் மலையில், நூறு ஜின் எடையுள்ள தீயெலி ஒன்று வாழ்கிறது என்றும், இரண்டு அடிக்கு மேல் நீண்ட, பட்டுபோல் மெல்லிய அதன் மயிரே ‘தீயில் வெளுக்கும் துணி’ ஆகிறது என்றும், நீர் பட்டால் அது இறந்துவிடும் என்றும் பழைய குறிப்புகள் கூறுகின்றன. வெய் அரசின் முதற்பேரரசரான சாவ் பி இதனை ஏற்கவில்லை. நெருப்பு கொடிய இயல்புடையது, அதில் உயிர்மூச்சு இருக்க இயலாது என்று காரணம் காட்டித் தம் ‘தியான்லுன்’ நூலில் அத்துணியே இல்லை என மறுத்தார். அந்நூல் பின்னர் கல்லிலும் பொறிக்கப்பட்டது. 239இல் மேற்குத் திசைத் தூதர்கள் அத்துணியைக் காணிக்கையாகக் கொண்டுவர, அப்பகுதி கல்லிலிருந்து நீக்கப்பட்டது என்றும் உலகம் நகைத்தது என்றும் கான் பாவ் தொகுத்த நூல் கூறுகிறது. நகைத்தவர்கள் கவனிக்கத் தவறிய ஒன்று உண்டு: நெருப்பில் உயிர் வாழாது என்ற அரசரின் வாதம் பிழையற்றது. பருத்தியோ பட்டோ கம்பளியோ, அறியப்பட்ட இழை எதுவும் உயிருள்ள ஒன்றிலிருந்தே வந்தமையால், இதுவும் அவ்வாறே வரவேண்டும் என்ற எண்ணமே அவரையும் தீயெலியை நம்பியவர்களையும் ஒருங்கே வழிதவறச் செய்தது. நான்காம் நூற்றாண்டின் கோ ஹொங், மரப்பூ, மரப்பட்டை, எலிமயிர் என இத்துணிக்கு மூன்று மூலங்களைச் சொன்னபோதும் கல்லை நினைக்கவில்லை.

ஐரோப்பாவில் இணைப்பை வெளிப்படையாகக் காட்டுவது, ஏறத்தாழ 1165இல் பரவிய பிரெஸ்டர் ஜானின் கடிதம். கிழக்கை ஆள்வதாகக் கருதப்பட்ட கற்பனைக் கிறித்தவ அரசர் ஒருவரின் பெயரில் புனையப்பட்ட அம்மடல், நெருப்பில் மட்டுமே வாழும் சாலமாண்டர் என்ற புழு கூடு கட்டுவதாகவும், அரண்மனைப் பெண்கள் அதை நூலாக்குவதாகவும் விவரிக்கிறது. பட்டுப்புழுவின் சாயல் இதில் தெளிவாகத் தெரிகிறது. அரபு நூல்களிலோ நெருப்பில் வாழ்வதாகக் கூறப்படும் ‘சமந்தல்’ சில இடங்களில் பறவை, சில இடங்களில் கொறிவிலங்கு. விலங்கின் உருவம் இவ்வளவு எளிதில் மாறுவது, எவரும் அதைப் பார்க்காமல் துணியை மட்டுமே பார்த்தனர் என்பதற்குச் சான்றாகும்.

மார்க்கோ போலோ இந்த விலங்குக் கதையை நேராக மறுத்தார். குப்லாய் கானுக்காக மூன்றாண்டுகள் கல்நார்ச் சுரங்கப் பணியை நடத்திய துருக்கியத் தோழர் ஒருவர் கூறியபடி, மலையில் தோண்டிய பொருளை உலர்த்தி, செப்பு உரலில் இடித்து, மண் போகக் கழுவினால் கம்பளி போன்ற நார் எஞ்சும். நூற்று நெய்த துணி தீயில் இட்ட பிறகே வெண்மை பெறும். ‘கல்நூல்’ கொண்டு துணி நெய்யலாம் என்ற அறிக்கையை ஏற்று, அதை அகழ்ந்தெடுக்க 1267இல் ஆணையிடப்பட்டதை யுவான் வரலாறும் குறிப்பிடுவதால், போலோவின் கூற்று வெறும் பயணிக் கதை அன்று.

மறுப்பு பெயரை அழிக்கவில்லை. ஜப்பானில் ஹிராகா கென்னாய் 1764இல் கல்நாரிலிருந்தே துணி செய்தபோது, அதற்குப் பழைய சீனப் பெயரையே வைத்தார். அதற்கு முன், 1725இல் இலண்டனில் பெஞ்சமின் பிராங்கிளின், அரும்பொருள் சேகரிப்பாளரான ஹான்ஸ் ஸ்லோனுக்கு விற்ற கல்நார்ப் பணப்பை, இன்று அந்நகரின் இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் உள்ளது. தம் நாட்டு மக்கள் அப்பொருளைச் சாலமாண்டர் பருத்தி என அழைப்பதாக ஸ்லோனுக்கு எழுதிய மடலில் அவர் குறிப்பிட்டிருந்தார்.