குவ்வத்துல் இசுலாம் பள்ளிவாசலின் வளைவுகள்

தில்லிக் குதுப்மினாரின் அருகேயுள்ள குவ்வத்துல் இசுலாம் பள்ளிவாசலைக் குத்புத்தீன் ஐபக் 12ஆம் நூற்றாண்டின் இறுதியில் எழுப்பினான். இருபத்தேழு கோயில்களின் பொருள்கள் இதற்குப் பயன்பட்டன என்று கீழைவாயிலிலுள்ள பாரசீகக் கல்வெட்டே கூறுகின்றது. முற்றத்தைச் சூழ்ந்த தூண்களிற் செதுக்கிய மணியும் சங்கிலியும் அதற்குச் சான்றாகும். இவ்வழிவை மறைத்தல் வரலாறு ஆகாது. ஆயினும் வரலாறு இதனோடு முடிந்துவிடவில்லை என்பது எம் கருத்து.

தொழுகைக் கூடத்தின் முன் 1199இல் எழுந்த கல்திரையை நோக்குவோம். ஆப்பு வடிவக் கற்கள் ஒன்றையொன்று தாங்குமாறு அமைவதே மெய்வளைவு. இத்திரையிலோ, கிடையாக அடுக்கிய கற்கள் வரிதோறும் சற்றே முன்னீண்டு உச்சியிற் கூடுகின்றன. இது நம் நாட்டுக் கற்றச்சர் வழிவழியாக அறிந்த முறை. அரபு எழுத்துகளினூடே ஓடும் கொடிக்கருக்கும் அவர்தம் கைத்திறனே. வடிவம் புதிதாயினும் கட்டுமுறை பழையதே எனலாம்.

112 ஆண்டுகள் கழித்து, 1311இல், அலாவுத்தீன் கில்சி அப்பள்ளிக்கு எடுத்த அலாய் தர்வாசா என்னும் வாயிலில் மெய்வளைவையும் அதன்மேற் குவிமாடத்தையும் காண்கின்றோம். இரு மரபுகள் ஒன்றிய இச்செய்தியைக் கல்லடுக்கே நமக்குக் கூறுகின்றது. ஆதலின் ஆய்வாளர் கல்வெட்டோடு கட்டுமுறையையும் ஒருங்கு நோக்குதல் வேண்டும்.